பக்கத்து வீட்டுக் கதவு

முப்பத்தோரு வருடம் சென்னையில் டெலிபோன் எக்ஸ்சேஞ்சில் ஆபரேட்டராக இருந்தேன். அதற்குப் பிறகு ஒன்பது வருடம் எங்கள் அடுக்குமாடிக் குடியிருப்பில் அசோசியேஷன் செக்ரட்டரி. புகார் கேட்டுக் கேட்டுப் பழகிய காது இது. ஆனாலும் இந்த மாதம் அண்டை வீட்டாரைப் பற்றி இந்தப் பக்கத்துக்கு வந்த கடிதங்களை மேஜையில் பரப்பி வைத்துப் படித்தபோது ஒன்று மனதை உறுத்தியது. "அந்தப் பையன்", "அந்த லேடி", "ஹிந்திக்காரங்க" என்றே எழுதியிருக்கிறீர்கள். ஒரே ஒரு கடிதத்தைத் தவிர வேறு எதிலும் பக்கத்து வீட்டாரின் பெயர் இல்லை. நாகரிகம் கருதி விட்டிருப்பார்கள் என்று நினைத்து இரண்டு பேருக்குப் போன் செய்து கேட்டேன். தெரியாது என்றார்கள். அதில் ஒருவர் எட்டு மாதமாகச் சுவரோடு சுவர் ஒட்டிக் குடியிருப்பவர்.

எண்பதுகளில் எங்கள் தெருவில் என் வீட்டில் மட்டும்தான் போன். தெருவில் பாதிப் பேர் உறவினர்களுக்குக் கொடுத்திருந்தது எங்கள் நம்பரைத்தான்; பக்கத்தில் 'பி.பி.' என்று எழுதிக் கொடுப்பார்கள். யாருக்கு அழைப்பு வந்தாலும் மாடியில் நின்று பெயர் சொல்லிக் கூப்பிட வேண்டும். அதனால் எல்லார் பெயரும் தெரியும், யார் வீட்டில் கல்யாணம், யார் வீட்டில் ஆஸ்பத்திரி என்பதும் தெரியும். அந்தக் காலம் திரும்பாது. ஆனால் பெயர் கேட்பதற்கு டெலிபோன் தேவையில்லை.

கடிதங்களுக்கு வருகிறேன்.

எங்கள் ஃப்ளாட்டுக்கு நேர் மேலே ஒரு குடும்பம் வீடு வாங்கிக்கொண்டு வந்திருக்கிறது. மகனுக்கு இருபது வயதிருக்கும், ஆட்டிசம் என்கிறார்கள். விடியற்காலை ஐந்து மணிக்கே கூடத்தில் குதிக்கிறான். திடீரென்று சத்தம் போடுகிறான். லிஃப்டில் எல்லா பட்டனையும் அழுத்துகிறான். என் பேத்தி அவனைப் பார்த்தால் என் பின்னால் ஒளிந்துகொள்கிறாள். அவனை ஏதாவது ஹோமில் சேர்க்கச் சொல்லி அசோசியேஷனில் கையெழுத்து வாங்குகிறார்கள். நானும் போடலாமா?
பெயர் வேண்டாம், வேளச்சேரி

போடாதீர்கள் அம்மா. அந்தத் தாள் இன்னும் நாலு வீட்டுக்குப் போவதற்குள் செக்ரட்டரியைப் பார்த்து அதை நிறுத்தச் சொல்லுங்கள். 2016ஆம் ஆண்டு மாற்றுத்திறனாளிகள் உரிமைச் சட்டம் 21 வகைக் குறைபாடுகளைப் பட்டியலிட்டிருக்கிறது, ஆட்டிசம் அதில் ஒன்று. அந்தச் சட்டத்தின் 5ஆவது பிரிவு, மாற்றுத்திறனாளிகளுக்குச் சமூகத்தோடு சேர்ந்து வாழ உரிமை உண்டு என்று ஒரே வரியில் சொல்லிவிடுகிறது. ஒரு பிள்ளையைப் பெற்றவர்களிடமிருந்து பிரித்து அனுப்பச் சொல்ல எந்த அசோசியேஷனுக்கும் அதிகாரம் கிடையாது.

இனி உங்கள் தூக்கம். ஐந்து மணிக்குத் தலைக்கு மேல் தொம் தொம்மென்று கேட்டால் யாருக்கும் எரிச்சல் வரும். அதைச் சொல்ல உங்களுக்கு முழு உரிமை இருக்கிறது. சொல்ல வேண்டிய இடம் அசோசியேஷன் வாட்ஸ்அப் குரூப் இல்லை, மேல் வீட்டுக் கூடம். காலை அவசரம் எல்லாம் ஓய்ந்த பிறகு, பதினொரு மணி போல, தனியாகப் போங்கள். அவன் பெயரைக் கேளுங்கள். அவன் எதற்காகக் குதிக்கிறான் என்று அவன் அம்மாவையே கேளுங்கள். ஆட்டிசம் உள்ள பலருக்கு உடம்புக்கு அந்த அதிர்வும் அழுத்தமும் தேவைப்படுகிறது. குதித்தால் ஒரு நிதானம் கிடைக்கிறது. அடமோ கொழுப்போ கிடையாது. அதைத் தடுக்கப் போனால் வேறு விதமாக வெடிக்கும். இடத்தை மாற்றலாம். உடற்பயிற்சிக் கூடங்களில் போடுகிற கனமான ரப்பர் பாயை விரித்து, உங்கள் படுக்கையறைக்கு மேல் குதிப்பதை உங்கள் சமையலறைக்கு மேல் மாற்ற முடியுமா என்று இரண்டு பேருமாக உட்கார்ந்து பாருங்கள். பாயில் பாதிக் காசு நீங்கள் கொடுத்தாலும் தப்பில்லை, தூக்கம் உங்களுடையது.

எங்கள் குடியிருப்பிலும் அப்படி ஒரு பையன் இருந்தான். 2015 டிசம்பர் வெள்ளத்தின்போது எங்களுக்கு நாலு நாள் கரன்ட் இல்லை. டீசலைச் சிக்கனம் பிடித்து, தண்ணீர் ஏற்றவும் போன்களுக்குச் சார்ஜ் போடவும் மாலையில் ஒரு மணி நேரம் மட்டும் ஜெனரேட்டர் போட்டோம். முதல் நாள் அது உறுமத் தொடங்கியதும் பையன் வீட்டை விட்டு ஓடிவந்து முதல் மாடிப் படிக்கட்டில் உட்கார்ந்து காதைப் பொத்திக்கொண்டு பக்கச் சுவரில் தலையை முட்ட ஆரம்பித்தான். அவன் அம்மா தண்ணீர்க் குடத்தோடு கீழே நின்றிருந்தாள். நாங்கள் ஏழெட்டுப் பேர் சூழ்ந்துகொண்டு ஆளுக்கொரு பக்கம் "வேணாம்பா, வேணாம்பா" என்று கத்தினோம். சத்தம் தாங்காமல் ஓடிவந்தவனைச் சுற்றி மேலும் சத்தம். எங்கள் வாட்ச்மேன் நேபாளத்துக்காரர், தமிழில் பத்து வார்த்தைகூட முழுதாக வராது. அவர்தான் கூட்டத்தை விலக்கிக்கொண்டு வந்து, தோளில் கிடந்த கம்பளியை நாலாக மடித்து, அவன் தலைக்கும் சுவருக்கும் நடுவில் தன் கையோடு சேர்த்து வைத்தார். ஒன்றும் பேசவில்லை. அவனைத் தொடவும் இல்லை. இரண்டு படி கீழே இறங்கி உட்கார்ந்து, முகத்தை வேறு பக்கம் திருப்பிக்கொண்டார், கையை மட்டும் எடுக்கவில்லை. நான் போய் ஜெனரேட்டரை நிறுத்தினேன். போனுக்குச் சார்ஜ் போட்டுக்கொண்டிருந்தவர்கள் கோபப்பட்டார்கள். ஒருவருக்கு அம்மா ஆஸ்பத்திரியில், அவர் கோபத்திலும் நியாயம் இருந்தது. இருட்டில் கால் மணி நேரம் இருந்தோம். முட்டுவது குறைந்து, நின்று, பையன் அந்தக் கம்பளியை எடுத்து மடியில் வைத்துக்கொண்டான்.

மறுநாளிலிருந்து ஒன்றே ஒன்றுதான் மாற்றினோம். ஜெனரேட்டர் போடுவதற்குப் பத்து நிமிடம் முன்னால் யாராவது அவர்கள் கதவைத் தட்டிச் சொல்லிவிடுவது. அவன் அம்மா அவனைப் பின்பக்க அறைக்கு அழைத்துப்போய்க் கதவைச் சாத்தி, காதுக்கு மூடி போட்டுவிடுவாள். டிரில்லிங் மெஷின் போடும்போது, கல்யாண மேளம் வரும்போது, தீபாவளிக்குச் சரம் கொளுத்தும்போது எல்லாம் இதே வழக்கம் ஆனது. உங்கள் குடியிருப்பிலும் இதைச் செய்யலாம், காலணா செலவில்லை.

லிஃப்டில் அவன் இருந்தால் நீங்கள் போக வேண்டிய மாடியைச் சொல்லி அவனையே அழுத்தச் சொல்லிப் பாருங்கள். சின்ன வாக்கியமாகச் சொல்லுங்கள். சொன்னதையே திரும்பத் திரும்பச் சொல்லாமல் கொஞ்சம் காத்திருங்கள். காதில் விழுந்தது உள்ளே போய்ச் சேர அவனுக்கு நேரம் ஆகும். பேத்திக்கு நீங்கள் சொல்ல வேண்டியது, "அந்த அண்ணனுக்குச் சத்தம் ரொம்பப் பெருசா கேட்கும், அதனாலதான் காதைப் பொத்திக்கிறான். சந்தோஷம் வந்தா குதிப்பான்." பிள்ளைகளுக்கு இது போதும். பெரியவர்கள் முகத்தைப் பார்த்துத்தான் அவர்கள் பயப்படுகிறார்கள்.

தயவுசெய்து ஒன்று மட்டும் வேண்டாம். அந்த அம்மாவுக்கு டாக்டர் பெயர், எண்ணெய், பரிகாரக் கோயில் என்று எதையும் சொல்லாதீர்கள். இருபது வருடமாக மகனைத் தூக்கிக்கொண்டு அலைந்தவளுக்கு, முட்டுக்காட்டில் உள்ள தேசிய நிறுவனம் முதல் மந்தைவெளி நாட்டு வைத்தியர் வரை எல்லாம் தெரிந்திருக்கும். பதினொரு மணிக்குப் போகும்போது கையில் கொஞ்சம் காபி கொண்டுபோங்கள். அவள் உட்கார்ந்து காபி குடித்துப் பல நாள் ஆகியிருக்கும்.

எதிர் ஃப்ளாட்டுக்கு ஜப்பான்காரத் தம்பதி குடிவந்திருக்கிறார்கள். வந்த மறுநாளே கதவைத் தட்டி, தலை குனிந்து வணங்கி, ஒரு கைத்துண்டும் துணி துவைக்கும் பவுடர் பாக்கெட்டும் கொடுத்துவிட்டுப் போனார்கள். மேல் வீட்டுக்கும் கீழ் வீட்டுக்கும் அதையே கொடுத்திருக்கிறார்கள். நாங்கள் சுத்தமில்லாதவர்கள் என்று சொல்கிறார்களா? திருப்பிக் கொடுத்துவிடலாமா?
வாசகர், நாவலூர்

ஐயோ, கொடுத்துவிடாதீர்கள் சார்! அது அவர்கள் ஊர் வழக்கம். புது வீட்டுக்குக் குடிபோனால் இரண்டு பக்கத்து வீடு, மேல் வீடு, கீழ் வீடு என்று கதவு தட்டி, 'வந்திருக்கிறோம், எங்களால் ஏதும் தொந்தரவு இருந்தால் பொறுத்துக்கொள்ளுங்கள்' என்று முன்கூட்டியே சொல்லி, தினமும் பயன்படும் சின்னப் பொருள் ஒன்றைக் கொடுப்பார்கள். துண்டு, சோப்பு, பிஸ்கெட் மாதிரி. ஜப்பானில் மூன்று வருடம் வேலை பார்த்துத் திரும்பிய என் தம்பி மகள் சொல்லித்தான் எனக்கும் இது தெரியும். ஒரகடம், ஸ்ரீபெரும்புதூர் பக்கம் கார் தொழிற்சாலை வேலைக்காக வந்திருப்பார்கள்.

பெரிதாக எதுவும் திருப்பிச் செய்யப் போகாதீர்கள், சங்கடப்படுவார்கள். ஒரு டப்பா முறுக்கு போதும். போகும்போது உங்கள் பெயரைத் தமிழிலும் ஆங்கிலத்திலும் ஒரு சீட்டில் எழுதிக் கொடுங்கள், அவர்கள் பெயரையும் எழுதி வாங்குங்கள். தண்ணீர் எப்போது வரும், குப்பை வண்டி எத்தனை மணிக்கு என்பதையும் சொல்லிவிட்டு வாருங்கள். ஊருக்குப் புதிதாக வந்தவர்களுக்கு முறுக்கை விட அதுதான் உதவும். வாசலில் செருப்பைக் கழற்றிவிட்டுத்தான் அவர்களும் உள்ளே போவார்கள், அந்த விஷயத்தில் நமக்கும் அவர்களுக்கும் பேச்சே தேவையில்லை.

எங்கள் பக்கத்து வீட்டு ஒற்றைப் போர்ஷனில் ஒன்பது வடநாட்டுப் பையன்கள் தங்கியிருக்கிறார்கள். சமையல் எண்ணெய் நெடி தாங்கவில்லை. ராத்திரி பதினொரு மணிக்கு வாசலில் நின்று போனில் உரக்கப் பேசுகிறார்கள். வெளிக் குழாயடியில் துண்டைக் கட்டிக்கொண்டு குளிக்கிறார்கள், பெண்கள் நடமாட முடியவில்லை. இப்போது தெருவின் வாட்ஸ்அப் குரூப்பில் 'பிள்ளை பிடிக்கும் கும்பல்' என்று ஒரு வீடியோ சுற்றுகிறது. எல்லோரும் சேர்ந்து காலி செய்யச் சொல்லப் போகிறோம். உங்கள் கருத்து?
பெயர் வேண்டாம், அம்பத்தூர்

முதலில் அந்த வீடியோ. இன்றைக்கே அழியுங்கள், யாருக்கும் அனுப்பாதீர்கள். 2018 மே மாதம் திருவண்ணாமலை மாவட்டத்தில் நடந்ததை நான் மறக்கவில்லை. சென்னையிலிருந்து குலதெய்வக் கோயிலுக்குப் போன ஒரு குடும்பம். வழியில் குழந்தைகளுக்குச் சாக்லேட் கொடுத்தார் ஒரு முதிய பெண்மணி. பிள்ளை பிடிக்கிறவள் என்று கூட்டம் கூடி அடித்ததில் அவர் இறந்துபோனார். நம் ஊர்க்காரர், நம் மொழி பேசியவர். வாட்ஸ்அப்பில் சுற்றிய வதந்திதான் காரணம். அடுத்து 2023 மார்ச்சில், தமிழ்நாட்டில் பீகார் தொழிலாளர்களை அடித்துக் கொல்கிறார்கள் என்று பொய் வீடியோக்கள் பரவி, பயந்துபோன பையன்கள் மூட்டை கட்டிக்கொண்டு ரயிலேறினார்கள். போலீஸ் அவை பொய் என்று விளக்கி, பரப்பியவர்கள் மேல் வழக்குப் போட வேண்டியதாயிற்று. உங்கள் தெருவில் சுற்றும் வீடியோவை அந்த ஒன்பது பேரும்கூடப் பார்த்திருக்கலாம். அவர்கள் எத்தனை பயத்தில் இருப்பார்கள் என்று யோசித்தீர்களா?

எண்ணெய் கடுகெண்ணெய். ஒடிசா, வங்காளம், பீகார் பக்கம் அதில்தான் சமையல். புகை வரும்வரை காய்ச்சினால்தான் அதன் காரநெடி அடங்கும், அந்த முதல் புகைதான் உங்கள் ஜன்னலுக்கு வருகிறது. அடுப்பைப் பின்பக்கம் மாற்றிக்கொள்ளச் சொல்லலாம், கேட்பார்கள். நெடி என்றதும் எனக்கு என் அம்மாதான் நினைவுக்கு வருகிறாள். பழைய வண்ணாரப்பேட்டையில் நாங்கள் இருந்தது ஒரு ஸ்டோர் வீடு. எட்டுக் குடித்தனம், ஒரு முற்றம், ஒரு அடிபம்ப். 1962இல் பர்மாவில் ராணுவ ஆட்சி வந்து, 1964இல் கடைகளை எல்லாம் அரசே எடுத்துக்கொண்ட பிறகு, கப்பல் கப்பலாகத் தமிழர்கள் மெட்ராஸ் துறைமுகத்தில் வந்து இறங்கினார்கள். அதில் ஒரு குடும்பம் எங்கள் கடைசிப் போர்ஷனுக்கு வந்தது. பேசியது தமிழ்தான். ஆனால் அந்த வீட்டு அக்கா ஒரு மரக்கட்டையை வட்டக் கல்லில் தண்ணீர் விட்டு உரசி, அந்த மஞ்சள் குழம்பைக் கன்னத்தில் வட்டமாகப் பூசிக்கொள்வாள். தனக்கா என்பாள். வெயிலுக்குக் குளிர்ச்சி. என் அம்மா அதை ஏதோ மாந்திரீகம் என்று நம்பினாள். மீனை உப்பில் ஊறவைத்து அரைத்த ஒரு விழுதை அவர்கள் வதக்கும்போது ஸ்டோரே மூக்கைப் பொத்தும். "பர்மாக்காரி அடுப்பு மூட்டிட்டா" என்று அம்மா ஜன்னலைச் சாத்துவாள். அந்த அக்காவின் இரண்டாவது பிரசவத்தில் ராத்திரி கூடவே உட்கார்ந்திருந்ததும் அம்மாதான். ஆனாலும் கடைசிவரை அவர்கள் வீட்டில் கை நனைக்கவில்லை. இன்றைக்கு பீச் ஸ்டேஷன் எதிரே பர்மா நூடுல்ஸ் விற்கும் அத்தோ கடையில் வரிசையில் நின்று, வாழைத்தண்டு சூப்போடு சாப்பிடுகிற பிள்ளைகளைப் பார்க்கும்போதெல்லாம் அந்த அக்கா ஞாபகம் வரும். சாப்பிட்டிருக்கலாம் அம்மா என்று தோன்றும்.

உங்கள் மற்ற இரண்டு புகாரும் நியாயமானவை. ஆனால் ஒரு போர்ஷனில் ஒன்பது பேரை அடைத்தது யார்? ஒரு பாத்ரூமை வைத்துக்கொண்டு காலை ஏழு மணி ஷிஃப்ட்டுக்கு ஒன்பது பேர் எப்படிக் கிளம்புவார்கள்? ஆள் கணக்குக்கு வாடகை வாங்கும் வீட்டுக்காரரையும் கூட்டிவந்த காண்ட்ராக்டரையும் நிறுத்திக் கேளுங்கள். தொழிலாளிக்குத் தகுந்த தங்குமிடம் கொடுப்பது காண்ட்ராக்டர் பொறுப்பு என்று வெளிமாநிலத் தொழிலாளர்களுக்கான 1979ஆம் ஆண்டுச் சட்டமே சொன்னது. குழாயடிக்கு நாலு தகரம் வைத்து ஒரு மறைப்புக் கட்ட ஒரு நாள் வேலை.

போன் பேச்சுக்கு, ராத்திரி பத்திலிருந்து காலை ஆறு வரை குடியிருப்புப் பகுதியில் அளவு மீறிய சத்தம் கூடாது என்பது 2000ஆம் ஆண்டு ஒலி மாசு விதி. ஆடி மாதம் நம் தெருவில் கட்டும் குழாய் ஸ்பீக்கருக்கும் அதே விதிதான், அதையும் சேர்த்துப் பேசினால்தான் உங்கள் வார்த்தைக்கு மரியாதை இருக்கும். ஷிஃப்ட் முடிந்து வந்த பிறகுதான் ஊரில் பெண்டாட்டி பிள்ளையோடு பேச முடியும். அறைக்குள் எட்டுப் பேர் படுத்திருக்கிறார்கள், அதனால் வாசலுக்கு வருகிறான். மொட்டைமாடியைத் திறந்துவிடச் சொல்லுங்கள். ஒன்பது பேரில் யாராவது ஒருவனுக்குக் கொஞ்சம் தமிழ் வந்திருக்கும். தெருவே திரண்டு போகாமல், நீங்களும் இன்னொருவருமாகப் போய் அந்தத் தம்பியிடம் பேசுங்கள்.

பக்கத்து ஃப்ளாட் பெரியவர் தினமும் எங்கள் ஏ.சி. பெட்டிக்கு மேலே உள்ள சன்ஷேடில் புறாக்களுக்குத் தானியம் போடுகிறார். புண்ணியம் என்கிறார். என் மனைவிக்கு ஆஸ்துமா. சொன்னால் கோபித்துக்கொள்கிறார்.
வாசகர், மேற்கு மாம்பலம்

இதில் நான் முழுக்க உங்கள் பக்கம். புறா எச்சம் காய்ந்து தூளாகி மூச்சில் போவது நுரையீரலுக்குக் கெடுதல், அதுவும் ஆஸ்துமா இருப்பவர்களுக்கு. விட்டுக்கொடுக்க வேண்டாம். டாக்டரிடம் ஒரு சீட்டு எழுதி வாங்கி, பெரியவரின் மகனையோ மகளையோ வைத்துக்கொண்டு பேசுங்கள். அவருக்கு உயிர்களுக்குப் போட வேண்டும், அவ்வளவுதானே? மொட்டைமாடியில் ஒரு மூலையில் காக்கைக்குச் சோறு வைக்கட்டும், கூட நீங்களும் ஒரு நாள் போய் நில்லுங்கள்.

ஐம்பது வயதுக்கு மேல் ஒரு பெண்மணி எங்கள் பக்கத்து ஃப்ளாட்டில் தனியாக இருக்கிறார். நாங்கள் சுவர் வழியாக அவர் வீட்டுக்குள் கரன்ட் விடுகிறோம் என்று சொல்கிறார். நடுராத்திரி எங்கள் வாசலில் தண்ணீர் ஊற்றுகிறார். கதவில் திட்டி எழுதி ஒட்டுகிறார். இரண்டு வருடமாகப் பொறுத்துவிட்டோம். எல்லோரும் பைத்தியம் என்று ஒதுங்கிக்கொள்கிறார்கள்.
பெயர் வேண்டாம், முகப்பேர்

இரண்டு வருடம் பொறுத்திருக்கிறீர்கள். களைத்துப் போயிருப்பீர்கள், அதற்காகக் குற்ற உணர்ச்சி வேண்டாம் அம்மா.

'கரன்ட் விடவில்லை' என்று அவரோடு வாதாடாதீர்கள், தோற்றுப்போவீர்கள். அவருக்கு அது நிஜமாகவே உடம்பில் தெரிகிறது. 'ஆமாம்' என்று ஒப்புக்கொள்ளவும் கூடாது. "உங்களுக்குப் பயமா இருக்கு போல, ராத்திரி தூங்கவே இல்லையா?" என்று மட்டும் கேளுங்கள். பயத்தைப் பற்றிக் கேட்டால் பதில் வரும். இது ஒரு நோய், மருந்து உண்டு. பலர் மருந்து எடுத்துக்கொண்டு வேலைக்குப் போய்க் குடும்பம் நடத்துகிறார்கள்.

உங்களுக்கு அருகில் அண்ணா நகரிலேயே ஸ்கார்ஃப் என்ற மனநல அமைப்பு இருக்கிறது. கீழ்ப்பாக்கம் மனநல மருத்துவமனைக்குப் பல ஆண்டுகள் தலைமை வகித்த டாக்டர் சாரதா மேனன் 1984இல் தொடங்கியது, இந்த மாதிரி நோய்களுக்காகவே. வீட்டிலிருந்தே பேச வேண்டுமானால் 14416, டெலி மானஸ் என்று 2022இல் வந்த அரசு உதவி எண், இரவு பகல் எந்நேரமும் இலவசம், தமிழிலும் பேசலாம். நோயாளிதான் பேச வேண்டும் என்றில்லை, பக்கத்து வீட்டுக்காரராக நீங்களே பேசி வழி கேட்கலாம். அசோசியேஷன் ரெஜிஸ்டரில் அவசரத் தொடர்புக்கு யார் நம்பர் இருக்கிறது என்று பாருங்கள். அண்ணனோ தங்கையோ ஒருவர் கட்டாயம் இருப்பார், அவரிடம் சண்டையாகச் சொல்லாமல் "அவங்க சரியா சாப்பிடறதில்லை, வந்து பாருங்க" என்று சொல்லுங்கள். அவர் தனக்கோ பிறருக்கோ ஆபத்து செய்துகொள்வார் என்று தோன்றினால் போலீஸைக் கூப்பிடலாம். 2017ஆம் ஆண்டு மனநலப் பராமரிப்புச் சட்டப்படி, அப்படிப்பட்டவரைப் பாதுகாப்பாக மருத்துவரிடம் கொண்டுபோக வேண்டியது அவர்கள் கடமை. லாக்கப்பில் வைக்கக் கூடாது.

தண்ணீர் இணைப்பை நிறுத்துவது, கதவை வெளியே தாழ் போடுவது போன்ற யோசனைகளை யாராவது சொன்னால் உறுதியாக மறுத்துவிடுங்கள். எங்கள் காலனியில் ஒருமுறை அதைச் செய்தார்கள். அந்த அம்மாவின் பயம் பத்து மடங்கானதுதான் மிச்சம்.

நான் திருநங்கை. வயது 29. ஒரு நிறுவனத்தில் கணக்குப் பிரிவில் வேலை. கொளத்தூரில் மாடிப் போர்ஷனுக்கு வந்து நாலு மாதம் ஆகிறது. ஹவுஸ் ஓனர் அம்மா நல்லவர். எதிர்வீட்டு அக்கா என்னைப் பார்த்தால் பையனை உள்ளே இழுத்துக்கொள்கிறார். பின் வீட்டில் குழந்தை பிறந்தபோது மட்டும், வந்து ஆசீர்வாதம் பண்ணும்படி கூப்பிட்டார்கள்; காசு எவ்வளவு என்றும் கேட்டார்கள். எனக்கு அழுகை வந்துவிட்டது. நானாகப் போய் எல்லோரிடமும் பழகலாமா? வாசலில் கோலம் போட ஆசை. போடலாமா?
பெயர் வேண்டாம், கொளத்தூர்

மகளே, ஆரம்பத்தில் சொன்னேனே, பெயர்கள் இருந்த ஒரே கடிதம் என்று. அது உங்களுடையது. எதிர்வீட்டு அக்கா பெயர், அவர் பையன் பெயர், அவன் எந்த வகுப்பு, பின் வீட்டுத் தாத்தா பெயர், எல்லாம் எழுதியிருக்கிறீர்கள். அச்சில் எடுத்துவிட்டேன். நாலே மாதத்தில் அத்தனை பேரையும் தெரிந்துவைத்திருக்கிறீர்கள். அவர்களில் எத்தனை பேருக்கு உங்கள் பெயர் தெரியும்?

உங்களிடம் ஒன்றைச் சொல்லிவிட வேண்டும். 2012இல் எங்கள் குடியிருப்பில் ஒரு ஃப்ளாட் காலியானது. ஒரு திருநங்கை பார்க்க வந்தார். வீட்டுக்காரருக்குச் சம்மதம், அட்வான்ஸ் பேசி முடிந்துவிட்டது. அதற்குள் செய்தி பரவி, பார்க்கிங்கில் அவசரக் கூட்டம் போட்டார்கள். ஆளாளுக்குப் பேசினார்கள். நான் செக்ரட்டரி. எனக்கு அது தப்பு என்று அப்போதே தெரியும். திருநங்கைகளுக்கு நல வாரியம் 2008லேயே நம் மாநிலத்தில்தான் முதலில் வந்தது, அதுவும் தெரியும். ஆனால் வாயைத் திறக்கவில்லை. 'குடும்பங்களுக்கு மட்டுமே வாடகைக்கு விடப்படும்' என்று மினிட்ஸ் நோட்டில் என் கையால் எழுதினேன். அவர் கேட்டுக்கு வெளியே, ஆதார் அட்டை, சம்பளச் சீட்டு எல்லாம் வைத்த ஒரு பிளாஸ்டிக் ஃபைலை இரண்டு கையாலும் நெஞ்சோடு சேர்த்துப் பிடித்தபடி நின்றிருந்தார். விஷயத்தைச் சொன்னதும் "பரவால்லைங்கம்மா" என்றார். பிறகு வாட்ச்மேனிடம் பஸ் ஸ்டாப் எந்தப் பக்கம் என்று கேட்டுக்கொண்டு போனார். அவர் பெயரை நான் கேட்கவே இல்லை. இந்தப் பக்கத்தை எழுத ஒப்புக்கொண்டதற்கு அந்த மாலைதான் காரணம்.

இன்றைக்கு உங்கள் கையில் சட்டம் இருக்கிறது. திருநங்கைகளின் உரிமைகளை ஏற்று 2014 ஏப்ரல் 15ஆம் தேதி உச்ச நீதிமன்றம் கொடுத்த தீர்ப்பு, அதன் பிறகு அந்த உரிமைகளைக் காக்க வந்த 2019ஆம் ஆண்டுச் சட்டம். திருநங்கை என்பதற்காக வீடு வாங்கவோ வாடகைக்கு எடுத்துக் குடியிருக்கவோ விடாமல் மறுப்பது அந்தச் சட்டப்படி பாகுபாடு. ஆகவே தெருவில் யார் என்ன முணுமுணுத்தாலும், நீங்கள் அங்கே இருப்பது யாருடைய தயவிலும் இல்லை.

பின் வீட்டுக் குழந்தையைப் போய்ப் பார்க்க வேண்டுமென்று உங்களுக்கே தோன்றினால் போங்கள். தெருவில் மற்ற பெண்கள் எப்படிப் போவார்களோ அப்படி, ஒரு பேபி சோப்பும் ஜான்சன் பவுடரும் வாங்கிக்கொண்டு, பெயர் என்ன வைத்திருக்கிறீர்கள் என்று கேட்டுவிட்டு வாருங்கள். காசு நீட்டினால், "நான் மாடி வீட்டுக்காரிங்க, ஆபீஸுக்குப் போறேன்" என்று சொல்லிவிடுங்கள். போகப் பிடிக்கவில்லையா, விட்டுவிடுங்கள். தெருவில் இருக்கும் அத்தனை பேர் மனதையும் ஜெயிக்க வேண்டிய கட்டாயம் உங்களுக்கு இல்லை. எனக்கும் எங்கள் மாடியில் இரண்டு வீட்டோடு பேச்சு கிடையாது.

எதிர்வீட்டு அம்மா இதைப் படிக்க நேர்ந்தால் அவருக்கும் ஒரு வார்த்தை. உங்கள் பையன் எந்த வகுப்பு என்று தெரிந்துவைத்திருக்கும் பக்கத்து வீட்டுக்காரி இந்தச் சென்னையில் எத்தனை பேருக்குக் கிடைப்பாள்? கையை விடுங்கள், அவன் பாட்டுக்கு விளையாடட்டும்.

கோலம் தாராளமாகப் போடுங்கள். மாடிப் போர்ஷன் என்றால் படிக்கட்டுக்கு அடியில், கேட்டுக்கு உள்பக்கம் கொஞ்சம் இடம் இருக்கும். ஹவுஸ் ஓனர் அம்மாவிடம் ஒரு வார்த்தை கேட்டுக்கொள்ளுங்கள், அவர் கோலத்துக்கு இடைஞ்சல் இல்லாமல் இருக்கட்டும். மார்கழி வரட்டும் என்று காத்திருக்க வேண்டாம். கல்மாவில் கொஞ்சம் பச்சரிசி மாவு கலந்துகொண்டால் இழை நன்றாக வரும், எறும்புக்கும் ஆகும். ஆறு மணிக்கு எதிர்வீட்டு அக்காவும் வாசல் தெளிக்க வாளியோடு வருவார் இல்லையா? புள்ளி வைத்து முடித்ததும் நிமிர்ந்து, அவர் பெயரைச் சொல்லி அக்கா என்று கூப்பிட்டு, இந்தக் கோலத்துக்கு ஊடுபுள்ளியா நேர்ப்புள்ளியா என்று கேளுங்கள். என்ன சொன்னார் என்று எனக்கு எழுதுங்கள்.